தங்கை ஏறிய சாய்தளம்

சக்கர நாற்காலியில் நடமாடும் என் தங்கை, எங்கள் ஊர் அரசு அலுவலகத்தில் சாய்தளம் கட்டக் கோரி வழக்குப் போட்டு ஜெயித்தாள். உத்தரவு வந்தும் அங்கே ஒரு கல்கூட விழவில்லை. மதுரைக்குப் போய் நீதிமன்ற அவமதிப்பு வழக்கும் போட்டாள். உடனே அதிகாரி எங்கள் வீட்டுக்கே வந்துவிட்டார்.

“கேஸ வாபஸ் வாங்கிருங்கம்மா, கட்டித் தந்துருதோம்.”

“மொதல்ல கட்டுங்க சாரே, பெறவு பாப்போம்,” என்றாள் தங்கை.

அவசரமாகக் கட்டினார்கள். சரிவு அதிகமாக இருந்ததால் அவள் பாதியிலேயே நின்றுவிட்டாள். தள்ளிவிட நான் ஓடினேன்.

“தள்ளாத அண்ணே. ஒருத்தர் ஒதவியும் இல்லாம ஏறணும்னுதான் கோர்ட்டு சொல்லிருக்கு.”

அதை இடித்துவிட்டு, நீளமாக வேறு கட்டினார்கள். அவள் தனியாக ஏறி உள்ளே போனாள். பக்கத்தில் நின்ற முன்பின் தெரியாதவரிடம் சொன்னேன்: “என் தங்கச்சியாக்கும்!”