பத்துக்கு இரண்டு தப்பு

சிலேட்டு கைதவறி விழுந்தால் ஒரு சத்தம் வரும்; ஓங்கி எறிந்தால் வேறு சத்தம். வீடு தேடிப் போய்ப் பாடம் சொல்லிக்கொடுத்துப் பிழைத்தவர்களுக்கு இரண்டாவது சத்தம் சாகும்வரை காதில் இருக்கும். அப்படிப் பிழைத்தவர்கள் இதைப் படித்தால், என்னோடு சேர்ந்து பெருமூச்சு விடலாம்.

முதல் நாள்

மதுரையில் பி.ஏ. முடித்து வந்த எனக்குக் கிடைத்த முதல் வேலை, சிவகாசியில் ஒரு தீப்பெட்டிக் கம்பெனி முதலாளியின் ஒரே மகளுக்கு டியூஷன். ஐம்பதுகளின் கடைசி அது. பெயர் ராஜாத்தி, ஒன்பது வயது, ஐந்தாம் வகுப்பு. ஏழாம் வாய்ப்பாட்டில் ஒரு பிழையைச் சுட்டிக்காட்டினேன். சிலேட்டு என் காதை உரசிக்கொண்டு போய்ச் சுவரில் மோதியது.

அவள் அம்மா சமையலறையிலிருந்து வந்து, சில்லுகளைக் காலால் ஒதுக்கிவிட்டு, என்னைப் பார்த்து நிதானமாகச் சொன்னார்: "அலமாரில டஜன் கணக்குல வாங்கி வச்சிருக்கு டீச்சர். நீங்க அவளை மட்டும் வையாதீக."

நீதிக்கதை

கல்லூரியில் ஆங்கில இலக்கியம் படித்த திமிர் எனக்கு இருந்தது. கதை மனிதரைத் திருத்தும் என்று நம்பினேன். பரிசாகக் கிடைத்த ஒரு பழைய சிறுவர் புத்தகத்தில் ஒரு வியாபாரியின் செல்ல மகள் வருவாள். எதிலும் தானே முதலாவதாக வரவேண்டும் அவளுக்கு. மற்றவர்களின் பட்டத்தை அறுப்பாள், பந்தயத்தில் காலைத் தட்டிவிடுவாள். கடைசிப் பந்தயத்தில் எல்லோருக்கும் பின்னால் வந்து, முழங்கால் சிராய்த்து அழுவாள். நான் தமிழில் சொல்லச் சொல்ல ராஜாத்தி அசையாமல் கேட்டாள். கண் கலங்கியதைக்கூடப் பார்த்தேன். மாற்றம் வந்துவிட்டது என்று நினைத்து, அந்தப் பெண் ஏன் தோற்றாள் என்று கேட்டேன்.

"அவளுக்கு வாய்ச்ச டீச்சர் சரியில்ல."

போட்டிக்கு ஆள்

எதிரில் தோற்பதற்கு ஒருத்தி இருந்தால்தான் ராஜாத்தி பென்சிலைத் தொடுவாள் என்பது மூன்றாவது மாதம் புரிந்தது. முதலாளியம்மாவும் நானும் பேசி, அவள் வகுப்பிலேயே படித்த அன்னத்தை வரச்சொன்னோம். அன்னத்தின் அம்மா சொர்ணம் அவர்கள் கம்பெனியில்தான் கட்டை அடுக்கினாள். அதாவது, மருந்தில் முக்குவதற்காகத் தீக்குச்சிகளை மரச்சட்டத்தில் வரிசை வரிசையாகச் செருகுகிற வேலை.

முதல் நாள் பத்துக் கணக்கு. ராஜாத்தி நான்காவதில் இருக்கும்போது அன்னம் பத்தையும் முடித்து, கைகட்டி உட்கார்ந்துவிட்டாள். பத்தும் சரி. ராஜாத்தி இரண்டு நாள் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் முதலாளியே வந்தார். கோபப்படவில்லை, கோபப்பட்டிருந்தால் நான் வேலையை விட்டிருப்பேன்.

"அந்தப் புள்ள நல்லாப் படிக்குது, படிக்கட்டும். ஆனா எங்க புள்ள சாப்பிடணும்ல டீச்சர்?"

கிணற்றடியில்

அன்னத்தைக் கிணற்றடிக்குக் கூட்டிப்போனேன். ராஜாத்தி பக்கத்தில் இருக்கும்போது பத்துக்கு இரண்டு தப்பாகப் போடவேண்டும் என்றேன். அதனால் உனக்குப் புத்தகம், பாடம், ஒருவேளைச் சாப்பாடு எல்லாம் நிலைக்கும் என்றேன். அவளுக்குச் சொன்னதைவிட எனக்கே அதிகமாகச் சொல்லிக்கொண்டேன். அவள் யோசித்தாள். ஏன் என்று கேட்கவில்லை.

"எந்த ரெண்டுன்னு நானே எடுத்துக்கிடலாமா டீச்சர்?"

மெடல்

ராஜாத்தி சாப்பிட்டாள், சதை போட்டாள். அவள் அப்பா புதுத் தீப்பெட்டி லேபிளில் மகளின் படத்தையே போட ஏற்பாடு செய்தார். மாதிரி வந்ததும், கழுத்தில் மெடல் இல்லை என்று அவள் அதைக் கிழித்துப் போட்டாள். அச்சகத்து ஓவியர் நான்கு முறை வரைந்தார். மெடல் ஒவ்வொரு முறையும் பெரிதாகிக்கொண்டே போனது. நான்காவது முறை அவர் என்னிடம் மெதுவாகச் சொன்னார்: "இன்னும் பெருசு பண்ணச் சொன்னா புள்ளைய எடுத்துட்டு மெடலை மட்டுந்தான் போடணும்."

அந்த நாட்களிலெல்லாம் அன்னம் எந்தப் பிழையையும் அலங்கோலமாகச் செய்யவில்லை. வழி முழுக்கச் சரியாக இருக்கும். கடைசி இலக்கம் மட்டும் ஒன்று கூடியிருக்கும்.

விருதுநகர்

பிள்ளைகள் இருவரும் படித்த பள்ளி ஐந்தாம் வகுப்போடு முடிந்தது. விருதுநகரில் ஒரு மிஷன் பள்ளி, பரீட்சையில் முதலாவதாக வரும் ஏழைப் பெண் ஒருத்திக்கு இலவசமாக விடுதியில் இடம் தந்தது. அன்னத்துக்கு அது ஒன்றுதான் வழி. கிடைக்காவிட்டால் சித்திரையிலிருந்து தன்னோடு கட்டை அடுக்க வரட்டும் என்று சொர்ணம் சொல்லியிருந்தாள். அன்னத்துக்கு அந்த விடுதி இடம் கிடைக்கும் என்பதில் எனக்குக் கொஞ்சமும் சந்தேகம் இல்லை.

அன்னம் எழுதுகிறாள் என்றதும் தானும் எழுதவேண்டும் என்று ராஜாத்தி அடம்பிடித்தாள். இடம் அவளுக்கு வேண்டாம். எழுத மட்டும் வேண்டும். முதலாளி யாரிடமோ பேசி ஏற்பாடு செய்தார். எல்லோரும் அவர்கள் காரிலேயே போனோம். மிளகாய் வத்தல் மண்டிகளைத் தாண்டும்போது எல்லோருக்கும் தும்மல். இரண்டு பிள்ளைகளும் யார் தும்மல் பெரிது என்று சிரித்தார்கள். அன்று அவர்கள் இருவரும் ஒன்றாகச் சிரித்ததைத்தான் பார்த்தேன், வேறொன்றும் எனக்குத் தோன்றவில்லை. கூடத்தில் இரண்டு பேரையும் ஒரே பெஞ்சில் உட்கார வைத்தார்கள்.

மாலையே முடிவு சொன்னார்கள். சாத்தூர்ப் பக்கத்துப் பெண் ஒருத்திக்கு இடம் போயிற்று. அன்னம் அவளுக்கு அடுத்தபடி. தலைமை ஆசிரியை விடைத்தாளைக் காட்டினார். இரண்டு கணக்கில் வழி முழுக்கச் சரி. கடைசி இலக்கம் ஒன்று கூடியிருந்தது.

பள்ளி வாசலில் அன்னத்தின் தோளைப் பிடித்து உலுக்கி, ஏன் இப்படிச் செய்தாய் என்று கேட்டேன். நான் எதற்குக் கோபப்படுகிறேன் என்று அவளுக்குப் புரியவில்லை.

"ராஜாத்தி பக்கத்துல இருந்தால்ல டீச்சர். நீங்கதான சொன்னீக."

நான் சொல்லிக்கொடுத்ததைக் கடைசிவரை மறக்காத மாணவி இத்தனை வருஷத்தில் அவள் ஒருத்திதான். அந்தச் சித்திரையில் கட்டை அடுக்கப் போனவள், இருபத்தாறு வருஷம் அதே கம்பெனியில் அடுக்கினாள்.