பதக்கத்தை நீயே வைத்துக்கொள் என்றேன்

என் மகளுடைய விரலைக் கெடுத்தவள் நான். அதை முதலில் சொல்லிவிடுகிறேன். ஜெபக்கூட்டத்தில் சாட்சி சொல்கிறவர்கள் பிசாசின் மேல் பழி போடுவார்கள். நான் போடவில்லை.

என் பெயர் பிலோமினா. ஊர் பாம்பன். கடலில் மூழ்கிப் பாசி எடுப்பது தொழில். ஐந்தாம் வகுப்போடு நின்றவள். மேடையில் பேச வராது. ஜெபக்கூட்டத்துச் சகோதரிகள் கேட்டதால் எழுதித் தருகிறேன்.

மகள் ரெஜினா ரைபிள் சுடுகிறவள். பள்ளிக்கூடத்தில் என்.சி.சி.யில் சேர்ந்தபோது, மூச்சை அடக்கினால் இவள் கை மட்டும் ஆடுவதில்லை என்று சார் ஒருவர் கண்டுபிடித்தார். எப்படி ஆடும்? பத்து வயதிலிருந்து லீவு நாளெல்லாம் என்னோடு தண்ணீருக்குள் மூச்சடக்கியவள். அங்கிருந்து மாநிலம், டெல்லி என்று போனாள். போன வருடம், பல நாடுகள் கூடும் பெரிய விளையாட்டுப் போட்டிக்குப் பெண்கள் ஏர் ரைபிளில் இவள் பெயர் வந்தது.

ஊரில் சந்தோஷப்பட்டவர்கள் கொஞ்சம் பேர். என் தம்பி சேசு அதில் இல்லை. நாங்கள் பாசிக்குப் போகிற வள்ளத்தை ஓட்டுகிறவன் அவன்தான். "துப்பாக்கி புடிச்ச கை இனிமே பாசி புடிக்குமாக்கா? நாறுமுல்ல" என்று தினமும் சொன்னான். வள்ளத்திலிருந்த மற்ற பெண்கள் சிரித்தார்கள்.

அந்தக் கோபத்தை அவனிடம் காட்டியிருக்க வேண்டும். மகளிடம் காட்டினேன்.

போட்டிக்கு நாற்பத்திரண்டு நாள் இருந்தது. நாலு நாள் லீவில் வீட்டுக்கு வந்திருந்தாள். ஒருநாள் தண்ணிக்கு வா, இவர்கள் வாயை அடைக்க வேண்டும் என்றேன். தண்ணீரில் இறங்கக் கூடாது என்று பயிற்சி கொடுக்கும் சார் சொல்லியிருப்பதாகச் சொன்னாள்.

"உங்க சார் போட்ட சோத்துலயா வளந்த?" என்றேன்.

விடிந்ததும் வள்ளத்தில் வந்து உட்கார்ந்தாள்.

பாறையில் பாசி பறித்தால் விரல் கிழியும். அதனால் பழைய சேலையைக் கிழித்து ஒவ்வொரு விரலுக்கும் சுற்றிக் கட்டுவோம். அன்றைக்கு அவள் விரலுக்கு நான்தான் கட்டினேன். கோபத்தோடு கட்டினேன். முடிச்சை இறுக்கிப் பார்க்கவில்லை. தண்ணீருக்குள் வலது ஆள்காட்டி விரல் துணி கழன்றுவிட்டது. பாறை இடுக்கில் கிடந்த ஓரா மீன் குத்திவிட்டது. அதன் முள்ளில் விஷம் உண்டு. மேலே வந்து, "அம்மா, ஓரா குத்திருச்சு" என்றாள்.

ஓரா குத்தியதற்கெல்லாம் இங்கே யாரும் கரைக்குப் போனது கிடையாது என்றேன். அதுவும் சேசு கேட்கும்படி சொன்னேன். இன்னும் இரண்டு மணி நேரம் அவளை மூழ்க வைத்தேன்.

முள் ஒடிந்து உள்ளேயே நின்றிருக்கிறது. மறுநாள் விரல் கத்தரிக்காய் மாதிரி வீங்கியது. இராமநாதபுரத்தில் அறுத்துத்தான் எடுத்தார்கள். புண் ஆறிவிடும், விரல் நுனியில் உணர்ச்சி வர ஆறு மாதம் ஆகும், வராமலும் போகலாம் என்றார் டாக்டர். விசையை அழுத்துகிற விரல் அது. ஒரு இறகு கனம்கூட அந்த நுனிக்குத் தெரிய வேண்டுமாம்.

மகள் கட்டுப்போட்ட கையோடு பயிற்சி முகாமுக்குத் திரும்பிவிட்டாள். என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. அவளுடைய சார் போன் செய்தார். இருபது நாளில் ஒரு தேர்வு வைப்பார்களாம். அதில் சுட முடியாவிட்டால் வேறு பெண்ணை அனுப்புவார்களாம். கடைசியில், "ஏம்மா கூட்டிட்டுப் போனீங்க?" என்று கேட்டுவிட்டுப் போனை வைத்துவிட்டார்.

அன்று மத்தியானம் கோவிலுக்குப் போனேன். மெழுகுவத்தி கொளுத்தவில்லை. முழங்கால் போடவில்லை. சிலுவையில் அறைந்த பாடுபட்ட சுரூபத்துக்கு நேராக நின்றேன். நீர் என்று சொல்லவில்லை. நீ என்றேன்.

"உன் கையில ஆணி அடிக்கையில உங்க அம்மா பாத்துக்கிட்டு நின்னா. நான் அடிச்சவ. தப்பு என்னுது. என்னைய விட்டுட்டு அவளைய ஏன் புடிச்ச? அவ சுடணும். அதுக்கு ஒரு வழி குடு. பதக்கம் வேணாம். அதை நீயே வச்சுக்க."

கூட்டிக்கொண்டிருந்த, கோவில் வேலை பார்க்கும் கோவில்பிள்ளை விளக்குமாற்றை நிறுத்திவிட்டு, "ஏக்கா, சாமிகிட்ட இப்புடியா பேசுறது?" என்றார்.

"உங்ககிட்டயா பேசுறேன்?" என்றேன். அவர் மறுபடி கூட்ட ஆரம்பித்துவிட்டார்.

ஒன்பது நாள் போனேன். ஒன்பது நாளும் அதே சண்டை. சுரூபம் அசையவில்லை. பத்தாம் நாள் போகவில்லை. போய் என்ன என்று பாசிக்குப் போனேன்.

அன்றைக்கு என் ஆள்காட்டி விரலையும் பாறை கிழித்தது. எங்களுக்கு இது வழக்கம். அந்த விரலை மடக்கிக்கொண்டு நடுவிரலையும் கட்டைவிரலையும் வைத்துப் பறிப்போம். யாரும் சொல்லித் தருவதில்லை. நானும் அப்படித்தான் பறித்துக்கொண்டிருந்தேன். மூச்சடக்கி உள்ளே இருக்கும்போது என் கையையே பார்த்தேன். மடக்கிய விரல் சும்மா இருந்தது. நடுவிரல் வேலை செய்தது.

மேலே வந்து வள்ளத்தைத் திருப்பச் சொன்னேன். "ஏங்க்கா, மூடை நெறயலயே" என்றான் சேசு. "திருப்புடா" என்றேன். என் முகத்தைப் பார்த்துவிட்டுத் திருப்பினான்.

கரையிலிருந்தே மகளுக்குப் போன் போட்டேன். விசையை நடுவிரலால் அழுத்திப் பார் என்றேன்.

"சார் சிரிப்பாரும்மா."

"சிரிக்கட்டும். சிரிச்சு முடிக்கவும் சுட்டுக் காட்டு."

சார் சிரிக்கவில்லையாம். பிடியைக் கழற்றி, அந்த விரலுக்குத் தக்கபடி இழைத்து மாட்டினாராம். சின்ன வயதில் எத்தனை லீவு நாள் அந்த விரலால் பறித்தவள். விரல் மறக்கவில்லை. தேர்வில் கடைசி இடத்துக்குத்தான் தேறினாள். ஆனால் தேறினாள்.

அது நானாக நினைத்ததா, ஆண்டவர் நினைக்க வைத்ததா என்று என்னிடம் கேட்காதீர்கள். இருபத்தைந்து வருடமாகப் பாசி பறிக்கிற அந்தக் கையைப் பார்க்கிறேன். அன்றைக்குத்தான் கண்ணில் பட்டது.

போட்டியை எங்கள் வீட்டில் வள்ளத்துப் பெண்கள் எல்லோரும் ஒரே போனில் பார்த்தோம். அறுபது குண்டும் நின்று சுட்டாள். எட்டுப் பேருக்குள் வந்தாள். அந்த எட்டுப் பேரில் ஒவ்வொருவராகக் கழிந்தார்கள். நாலு பேர் நின்றபோது என் மகள் கழிந்தாள். நாலாவது. மூன்று பேருக்குத்தான் பதக்கம்.

வாசலில் நின்ற சேசு, "நாலாவதா? அப்ப ஒண்ணும் இல்லையா?" என்றான். எழுந்து போய்க் கதவைச் சாத்தினேன்.

சாயங்காலம் மகள் போன் செய்தாள். நான் கோவிலில் கேட்டதை அவளிடம் சொல்லியிருந்தேன். அழுவாள் என்று பயந்துகொண்டு எடுத்தேன்.

"ஏம்மா, பதக்கத்தையும் சேத்துக் கேட்டாத்தான் என்ன? உனக்கு யாரு வேணாம்னு சொல்லச் சொன்னா?"

அந்த நாற்பத்திரண்டு நாளில் அன்றைக்குத்தான் சிரித்தேன். சிரித்து முடிக்குமுன் அழுதுவிட்டேன். என்னை மன்னித்துவிட்டாள் என்று தெரிந்தது.

விரலில் உணர்ச்சி இன்னும் முழுதாக வரவில்லை. என் கோபமும் முழுதாகப் போகவில்லை. என் மேல் உள்ளதைத்தான் சொல்கிறேன். இப்போது வள்ளத்தில் ஏறுமுன் எல்லாப் பெண்களின் விரல் முடிச்சையும் நான் இழுத்துப் பார்க்கிறேன். யாருக்காவது ஓரா குத்தினால் அப்போதே கரைக்குத் திருப்பச் சொல்கிறேன். சேசு திருப்புகிறான். அவன் வாய் மட்டும் அப்படியே இருக்கிறது. அதற்கும் கோவிலில் கேட்டுப் பார்க்க வேண்டும்.

சகோதரிகளே, கோபம் ஆறட்டும், அப்புறம் கோவிலுக்குப் போகலாம் என்று இருக்காதீர்கள். கோபத்தோடே போங்கள். அவர் கேட்கிறார். நான் நன்றி சொல்கிறேன். ஆனால் வாயைத் திறக்குமுன் ஒரு தடவை யோசித்துக்கொள்ளுங்கள். நான் வழி கேட்டேன், கொடுத்தார். வேண்டாம் என்றதை அப்படியே வைத்துக்கொண்டார்.