என் திருடனுக்கு இருந்த ஒரே மந்திரம்

இன்று மதியம் குனோங் ராபாட்டில் அந்தோணி வீட்டில் ஆடினோம். ஆளுக்கொரு வேஷம் எடுத்துக்கொண்டு, பகடை உருட்டி, கதைக்குள்ளே போகும் விளையாட்டு. கதையை நடத்துபவன் அந்தோணி. நான் திருடன்.

நிலைமை படுமோசம். கூட்டாளிகள் எல்லாரும் ஒரு கோயிலுக்குள் கட்டுண்டு கிடக்கிறார்கள். விடிந்தால் பலி. சுற்றிலும் ஜாகாக்கள், காவலாளிகள்தான். வெளியே மிச்சம் நான் ஒருவன்தான். இன்னும் ஒரே ஒரு தடவை மந்திரம் போடத்தான் வழி இருக்கிறது.

"தூங்க வைக்கிற மந்திரம் போடு மச்சான்," என்று கெஞ்சினான் செல்வம். ஒரு வருஷமாக அவன் வளர்த்த வீரன் உள்ளே கிடக்கிறான்.

"அத்தனை ஜாகாவும் தூங்க மாட்டானுங்க லா. மறையிற மந்திரந்தான் சரி," என்றேன்.

மறைந்தேன். பகடையை உருட்டினேன். காவலைத் தாண்டிவிட்டேன்!

"கோயில் வாசலுக்கு வந்துட்ட. இப்ப என்ன செய்ற?" என்றான் அந்தோணி.

"செருப்பைக் கழட்டி வெச்சிட்டு உள்ள போறேன்."

அந்தோணி போட்டோஸ்டாட் எடுத்த விதிப்புத்தகத்தைத் தட்டினான். "உடம்புல இருக்கிறதுதான்டா மறையும். வாசல்ல ஒரு ஜோடி செருப்பு. ஜாகா பாத்துட்டான்."

"ஐயோ, நான் அதைச் சொல்லலைன்னு வெச்சுக்கயேன்!"

"சொன்னது சொன்னதுதான்லா."

எல்லாரும் செத்தோம்.

செல்வம் எழுந்து வாசலுக்குப் போய், குனிந்து தன் செருப்பைத் தேடினான்.

அந்தோணி காலில் சப்பாத்தோடு சர்ச்சுக்குப் போகிறவன், அவனை விடுங்கள். உயிரே போனாலும் கோயிலுக்குள் செருப்போடு நுழைய உங்களில் யாருக்கு மனசு வரும்? சொல்லிவிட்டு என்னைத் திட்டுங்கள்.