கடைசி வரியை மாற்றாதவர்

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் ஓர் அச்சகத்தில் எழுத்துக் கோர்த்துக்கொண்டிருந்தேன். அங்கேதான் அவரைச் சந்தித்தேன். விவாத மேடைகளில் எந்தப் பக்கம் கொடுத்தாலும் வென்ற பெண். மெலிந்த உருவம், தடித்த கண்ணாடி. மற்றவர் பேசும்போது விரலால் மேசையில் மெல்லத் தட்டிக்கொண்டே கேட்பார். மேடையை விட்டுவிட்டுக் கதை எழுதத் தொடங்கியிருந்தார்.

சொல்லாமல் இயக்கத்துக்குப் போன மகனைத் திருப்பித் தரும்படி ஒரு தாய் இயக்க முகாம் வாசலில் நின்று கேட்பதுதான் எங்களிடம் அச்சாகும் சஞ்சிகைக்கு அவர் தந்த கதை. சஞ்சிகை அச்சேறும் நாளில் இயக்க இளைஞர்கள் இருவர் வந்தார்கள்.

"கடைசி வரியிலை அந்தத் தாய் பெருமைப்படவேணும், அக்கா. மாத்திவிடுங்கோ," என்றான் ஒருவன்.

"மேடையிலை ஆரோ தந்த பக்கத்துக்குக் கதைச்சனான், தம்பி. இது நான் எடுத்த பக்கம். அந்த மனுசி நிண்டு கேட்டதை என்ரை கண்ணாலை கண்டனான். மாத்தமாட்டன்."

"பிறகு எங்களைக் குறை சொல்லக்கூடாது," என்றுவிட்டுப் போனார்கள். முதலாளிக்கு வியர்த்துவிட்டது. அந்தப் பெண்ணோ என்னிடம் திரும்பினார்.

"அண்ணை, உந்தப் புனைபெயரை எடுத்துப்போட்டு என்ரை சொந்தப் பேரைப் போடுங்கோ. ஊரையும் போடுங்கோ."

"பயமில்லையோ, தங்கச்சி?"

"இருக்கு அண்ணை. போடுங்கோ."

அவர் பெயரையும் உரும்பிராய் என்ற ஊரையும் எழுத்தெழுத்தாகக் கோர்த்தேன்.

சஞ்சிகை வெளிவந்த மறுவாரம் இயக்கத்தார் அவரை விசாரிக்கக் கூட்டிப்போனார்கள். நாலாம் நாள் அடுத்த கதையோடு அச்சகத்துக்கு வந்தார்.

"அங்கை என்ன சொன்னனீங்கள்?" என்று கேட்டேன்.

"ஒண்டும் கதைக்கேல்லை, அண்ணை. எல்லாம் கதையிலை எழுதியிருக்குத்தானே."

எத்தனையோ பேரைப் பேசியே வென்றவர், மூன்று நாள் வாய் திறக்காமல் எப்படி இருந்தார் என்பது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை.