அன்னாசி என்று கூப்பிட்ட காலம்

என் மகளுக்கு எட்டு, ஒன்பது வயதாக இருந்தபோது நான் அவளை ஏசாமல் விட்ட நாள் ஒன்றுகூட இல்லை. எனக்கு வாய் கொஞ்சம் நீளம். என் வீட்டுக்காரரைக் கேட்டால், கொஞ்சமா என்பார். ஆனால் அவளும் ஏச்சு வாங்குகிற மாதிரித்தான் இருந்தாள். காலில் போடச் சப்பாத்தை எடுத்து வா என்றால் போய் நின்றுவிட்டு, காணவில்லை என்று இங்கிலீஷில் சொல்லுவாள். போய்ப் பார்த்தால் சப்பாத்து அவளுடைய காலடியிலேயே கிடக்கும். பக்கத்தில் தேத்தண்ணி வைத்தால் கையால் தட்டி ஊற்றுவாள். பின்னேரம் விளையாடப் போனால் முழங்காலில் காயம் இல்லாமல் திரும்பி வரமாட்டாள். "கண் என்ன பிடரிக்குள்ளையோ கிடக்கு?" என்று கேட்பேன். பதில் வராது. அந்தப் பேசாமல் நிற்கிற நிலை எனக்கு இன்னும் விசரைக் கிளப்பும்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. நியூசிலாந்தின் ஆக்லாந்துக்கு வந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. லின்ஃபீல்டில் ஒரு வாடகை வீட்டில் இருந்தோம். யாழ்ப்பாணத்தில் கந்தோரில் பேனை பிடித்து வேலை பார்த்த நான், ஹில்ஸ்பரோவில் ஒரு முதியோர் இல்லத்துக் குசினியில் உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்தேன். என்னோடு சேர்ந்து சீவியவள் ஒரு பிலிப்பைன்ஸ்காரி, என்னைவிட ஏழெட்டு வயது குறைந்தவள். முதல் நாளே என்னை 'ஆத்தே' என்று கூப்பிட்டாள். அவர்களின் மொழியில் அக்கா என்று அர்த்தமாம். சின்னவர் பெரியவர் இல்லாமல் எல்லோரும் பெயர் சொல்லிக் கூப்பிடுகிற ஊரில் ஒருத்தி அக்கா என்றதும் நான் உருகிப்போனேன்.

கை வேலை செய்ய, வாய் கதை சொல்லும் அவளுக்கு. குரங்கும் ஆமையும் ஒரு வாழையைப் பங்கு போட்ட கதை சொன்னாள். குரங்கு இலையுள்ள மேல் பாதியைப் பறித்துக்கொண்டதாம், கிழங்குள்ள பாதி ஆமைக்கு. கடைசியில் ஆமையின் பாதிதான் குலை தள்ளியது. விளக்கோடு திரிந்த மின்மினியைக் கோழை என்று பழித்து, சண்டைக்கும் போய், மின்மினி மூக்கில் வந்து இருக்க, அதை அடிக்கத் தன் கூட்டத்துக்காரர் ஓங்கிய தடியாலேயே அடிவாங்கிய குரங்கு இன்னொன்று. பேராசைப்படாதே, எளியதைப் பழிக்காதே, பெரியவர்களுக்குக் கீழ்ப்படி, சோம்பி இராதே. எங்கள் ஊரிலும் இதுதானே என்று நான் எல்லாம் தெரிந்தவள் மாதிரித் தலையாட்டுவேன். அவர்களின் கதைகளில் பழங்கள்கூடச் சும்மா பழங்கள் இல்லை. எங்கள் ஊரில் பழமெல்லாம் யாரோ பெற்ற பிள்ளைகள், ஆத்தே என்பாள்.

அப்படித்தான் அன்னாசியின் கதை வந்தது. ஒரு கைம்பெண்ணுக்கு ஒரே மகள், சரியான சோம்பேறி. தாய் காய்ச்சலில் கிடக்கிறாள். கொஞ்சம் கஞ்சி காய்ச்சித் தா என்கிறாள். அகப்பையைக் காணவில்லை என்று மகள் நிற்கிறாள். தாய்க்குக் கோபம் தலைக்கேறி, உன் உடம்பு முழுக்க ஆயிரம் கண் முளைக்கட்டும், அப்போதாவது தேடி எடுப்பாய் என்று சபித்துவிடுகிறாள். அதற்குப் பிறகு வீட்டில் ஒரு சத்தமும் இல்லை, மகளையும் காணவில்லை. சில நாள் கழித்து வளவில் ஒரு செடி முளைத்திருக்கிறது. அதில் ஒரு பழம். பழம் முழுக்கக் கண்.

நான் கத்தியைக் கீழே வைத்துவிட்டு வயிறு நோகச் சிரித்தேன். இது என் வீட்டுக் கதையல்லவா என்றேன். அன்றைக்குப் பின்னேரமே மகளை இருத்தி வைத்துக் கதை முழுவதையும் சொன்னேன். தாய் சொல் கேளாத பிள்ளைக்கு இதுதான் நடக்கும் என்று என் பங்குக்கு ஒரு முடிவுரையும் வைத்தேன். அன்றிலிருந்து அவளுக்குப் பெயர் அன்னாசி. என் வீட்டுக்காரரும் அப்படியே கூப்பிட்டார். பூசைக்கு வாடகைக்கு எடுக்கிற மண்டபத்தில் தெரிந்த சனமெல்லாம் "அன்னாசி, இஞ்ச வா" என்று பகிடி பண்ணுவார்கள். அவளும் சிரித்துக்கொண்டு போவாள். சிரிக்கிறாள்தானே என்று நான் விட்டுவிட்டேன்.

ஒரு சனிக்கிழமை அந்தப் பிலிப்பைன்ஸ்காரி எங்கள் வீட்டுக்கு மத்தியானச் சாப்பாட்டுக்கு வந்தாள். பிள்ளையை என்ன சொல்லிக் கூப்பிடுகிறீர்கள் என்று கேட்டாள். நான் பெருமையாக விளக்கினேன். அவள் சிரிக்கவில்லை. மகள் மேசை விளிம்பைத் தடவித் தடவித் தண்ணீர்க் கோப்பையைத் தேடி எடுப்பதையே பார்த்துக்கொண்டிருந்தாள். போகும்போது வாசலில் நின்று சொன்னாள்:

"ஆத்தே, அந்தக் கதை பிள்ளைகளுக்கு மட்டும் இல்லை. என் அம்மா தன்னுடைய வாயைக் கட்டிப்போடத்தான் அதை அடிக்கடி சொல்லுவா. பழத்தைக் கண்ட பிறகு அந்தத் தாய் சாகும்வரை அழுதாள். அந்தப் பாதியைப் பிள்ளைக்குச் சொன்னீர்களா?" சப்பாத்தை மாட்டிக்கொண்டே, "அவளைக் கண் டாக்டரிடம் காட்டுங்கள்" என்றாள்.

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வந்தது. பள்ளிக்கூடத்தில் கண்ணைச் சோதித்து எல்லாம் சரி என்று சொல்லியிருந்தார்கள். அட்டையில் கடைசி வரி எழுத்துவரை வாசித்தவள். பொடி எழுத்துப் புத்தகத்தையும் விடாமல் வாசிக்கிற பிள்ளைக்குக் கண் தெரியாதோ? என் பிள்ளையில் குறை பிடிக்க இவள் யார்? இரண்டு மாதம் நான் அவளோடு முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. பக்கத்தில் பக்கத்தில் நின்று கிழங்கு சீவினோம், அவ்வளவுதான். அவளும் கதை சொல்வதை நிறுத்திவிட்டாள்.

நவராத்திரி வந்தது. மண்டபத்து மேடையில் மகள் ஏழெட்டுப் பிள்ளைகளோடு ஆடினாள். ஆட்டம் நன்றாகத்தான் போனது. முடிவில் மேடை விளக்கை அணைத்தார்கள். மற்றப் பிள்ளைகள் அரைகுறை வெளிச்சத்தில் வரிசையாகப் பக்கத்தால் இறங்கினார்கள். என் பிள்ளை நேரே நடந்தாள். மேடை முடிந்த இடத்திலும் நிற்காமல் நடந்தாள். விழுந்த சத்தம் கேட்டது, அழுகை கேட்கவில்லை. ஓடிப்போய்த் தூக்கினேன். சொல்ல வெட்கமாக இருக்கிறது, தூக்கும்போதே "பாத்து நடக்கத் தெரியாதோ" என்று ஏசினேன். மணிக்கட்டு முறிந்திருந்தது.

கட்டுப் போட்ட டாக்டர், எப்படி விழுந்தாள் என்று என்னிடம் இரண்டு தரம் கேட்டார். பிறகு கண் நிபுணருக்குக் கடிதம் எழுதித் தந்தார்.

அங்கே ஒரு இருட்டறை. பெரிய வெள்ளைக் கிண்ணம் மாதிரி ஒரு கருவிக்குள் முகத்தை வைத்து, நடுவிலுள்ள புள்ளியையே பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். ஓரத்தில் வெளிச்சப் பொட்டு ஒன்று தெரிந்தால் பொத்தானை அமத்த வேண்டும். பக்கத்தில் கதிரை போட்டு இருந்த எனக்குப் பொட்டுகள் நன்றாகத் தெரிந்தன. ஒன்று வந்தது, மகள் அமத்தவில்லை. இன்னொன்று வந்தது, அமத்தவில்லை. எனக்குப் பொறுக்கவில்லை. "கவனமாப் பார் பிள்ளை" என்றேன். சோதித்த பெண் என்னைத் திரும்பிப் பார்த்து, தயவு செய்து பேசாமல் இருங்கள் என்றாள். பொட்டு நடுப்புள்ளிக்குக் கிட்டக் கிட்ட ஊர்ந்து வந்தது. கிட்டத்தட்டப் புள்ளியைத் தொடப்போகிற இடத்தில்தான் பிள்ளையின் விரல் அசைந்தது. எல்லாப் பக்கத்திலிருந்தும் அப்படித்தான்.

நீங்களும் கணவரும் உறவா என்று நிபுணர் கேட்டார். ஓம், சொந்த மச்சான், அம்மாவின் தமையனுடைய மகன் என்று அந்த நேரத்திலும் நிமிர்ந்திருந்து சொன்னேன். வெளியில் போகாமல் சொந்தத்துக்குள் கட்டி வைத்ததில் எங்கள் வீட்டுக்கு அவ்வளவு பெருமை. அவர் குறை சொல்லவில்லை. ஒரு தாளில் கோடு கீறி, இரண்டு பேரிலும் வெளியே தெரியாமல் இருந்த ஒரே பிழை பிள்ளையில் சேர்ந்துவிட்டது என்று விளக்கினார். முதலில் இருட்டில் பார்வை போகும், பிறகு ஓரங்கள், பிறகு வட்டம் சுருங்கிக்கொண்டே வரும். மருந்து இல்லை. வளர்ந்து பெரியவளாகும்போது ஒரு குழாய்க்குள்ளால் பார்க்கிற அளவுதான் மிஞ்சும், அதுவும் நிலைக்குமோ சொல்ல முடியாது என்றார். பக்கத்தில் இருந்த என் வீட்டுக்காரர் தன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி இருந்தார்.

அடுத்த நாள் குசினியில் அந்தப் பிலிப்பைன்ஸ்காரியிடம் போய்ச் சொன்னேன். நான் சொன்னேன்தானே என்று கேட்டிருக்கலாம். அவள் கேட்கவில்லை. ஈரக் கையோடு என் கையைப் பிடித்துக்கொண்டு, நான் சொன்னது பிழையாக இருக்கவேண்டும் என்று தினமும் கும்பிட்டேன், ஆத்தே என்றாள். அவளோடு கதைக்காமல் விட்ட இரண்டு மாதமும் என் முகத்தில் அறைந்த மாதிரி இருந்தது.

மகளுக்கு நான்தான் சொல்ல வேண்டும் என்று இவர் சொல்லிவிட்டார். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, கையில் கட்டோடு இருந்தவளுக்குத் தலை பின்னிக்கொண்டே சொன்னேன். உன்னில் பிழை இல்லை, உன் கண்ணுக்கு ஓரங்கள் தெரிவதில்லை, மற்றவர்களுக்குத் தெரியும் என்றேன். அவள் அசையாமல் கேட்டுக்கொண்டிருந்தாள். எனக்கு அடக்க முடியவில்லை.

"ஏன் பிள்ளை, தெரியேல்லை எண்டு அம்மாட்ட ஒரு நாளும் சொல்லேல்லை?"

அவள் யோசித்துவிட்டு இங்கிலீஷில் பதில் சொன்னாள். எல்லோருக்கும் இவ்வளவுதான் தெரியும் என்று நினைத்தாளாம். மற்றவர்கள் கஷ்டப்பட்டுத் தேடிப் பார்க்கிறார்கள், தான்தான் சோம்பேறி என்று நினைத்தாளாம். அந்தச் சோம்பேறி என்ற சொல்லை மட்டும் அவள் தமிழில் சொன்னாள்.