இடப்பக்கம் விழுந்த பூ

பாகீரதி நாயக் துர்க்காம்பாளிடம் பூ கேட்காமல் எந்தத் தேர்தலிலும் நின்றதில்லை. அம்மனின் ஈரத் திருமேனியில் ஒட்டிய பூ வலப்பக்கம் விழுந்தால் சம்மதம், இடப்பக்கம் விழுந்தால் கூடாது. கிராமப் பஞ்சாயத்து, தாலுகா, ஜில்லா என்று ஒவ்வொரு முறையும் வலப்பக்கமே விழுந்தது, அவளும் ஜெயித்தாள். அலைந்த அலைச்சலில் வீட்டில் உட்கார்ந்து சூடாகச் சாப்பிட்டே வெகு நாளாகியிருந்தது.

இப்போது கட்சி அவளைப் பார்லிமென்டுக்கு நிற்கச் சொன்னது. சாயங்காலத்துக்குள் பதில் சொல்ல வேண்டும். கட்சிக்காரர்கள் கோயிலை நிறைத்துவிட்டார்கள். பாகீரதி கண்ணை மூடி மனதுக்குள் கேட்டாள். ஒரு செம்பருத்தி லேசாக அசைந்து, இடப்பக்கம் விழுந்தது.

எல்லார் முகமும் தொங்கிப்போனது.

"காத்துல விழுந்திருக்கும் பட்டரே. ஃபேனை நிறுத்திட்டு இன்னொரு தடவை வைங்க," என்றார் கட்சிச் செயலாளர் சுப்ராயர்.

"அம்மன்கிட்ட மறு எண்ணிக்கையெல்லாம் கிடையாதுங்க," என்றார் பட்டர்.

பாகீரதி அந்தப் பூவை எடுத்துக் கொண்டையில் சொருகிக்கொண்டாள். "போய் போஸ்டர் அடிங்க சுப்ராயண்ணா."

"அம்மனே வேண்டாங்கறா, நீங்க என்னக்கா இப்படிச் சொல்றீங்க?"

"அலுத்துப்போச்சு, இனிமே வீட்டோட இருந்துடட்டுமா தாயேன்னுதான் நான் கேட்டேன். கூடாதுன்னுட்டா."

தூணோரம் நின்ற அவள் புருஷன் தேவப்பா பெருமூச்சு விட்டார். "அப்ப எருமைகளை நான்தான் கறக்கணுமா?"

"அதையும் வேணா பூ வெச்சுக் கேட்டுப் பாருங்களேன்."

தேவப்பா கேட்கத் துணியவில்லை. அந்த வருஷமே பாகீரதி டில்லிக்குப் போனாள். எருமைகளும் மெல்ல மெல்ல அவர் கைக்குப் பழகின.