காத்துக்கு விட்ட இடம்

அத்தையைப் பெண் பார்க்க வந்த அன்று வீட்டில் இருந்தவர்கள்: அப்பா, அம்மா, அப்பாவின் தங்கையான அத்தை, நான். ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து வந்தவர்கள்: மாப்பிள்ளை, அவருடைய அம்மா, தாய்மாமா. கூப்பிடாமலே இருந்தவர், கொல்லைச் சுவருக்கு மேலே தலை மட்டும் தெரிந்த பக்கத்து வீட்டுப் பெரியம்மா.

ராஜபாளையத்தில் அப்பா வேலை பார்த்த மில் அப்போது மூடிக் கிடந்தது. அதைக் கேள்விப்பட்டே ஒரு வரன் ஏற்கெனவே தட்டிப் போயிருந்தது. இந்த முறை வீட்டில் எதுவும் குறைவாகத் தெரியக்கூடாது என்பது அம்மாவின் உத்தரவு. எல்லாம் ஒப்பேற்றியாயிற்று. விறகுதான் இடித்தது, கொல்லையில் ஒரு வண்டி அடுக்கும் இடத்தில் கால் வண்டிகூட இல்லை.

முந்தின நாள் அம்மா அதைப் பிரித்து அடுக்கினாள். கரையான் ஏறாமலிருக்க அடியில் செங்கல். அதன்மேல் மாங்கட்டைகள், மழைத் தண்ணீர் வழிந்து போகப் பட்டை மேல்பக்கமாக. முன்னால் ஒரே ஒரு வரிசை ஆள் உயரத்துக்கு எழும்பியது. அதற்குப் பின்னால் சுவர் வரைக்கும் ஒன்றுமில்லை.

“உள்ள ஏம்மா காலியா இருக்கு?”

“காத்துப் போக வேண்டாமாட்டி? அப்பத்தான் விறகு காயும்.”

“இம்புட்டுக் காத்தா?”

“ஏட்டி, செத்த நேரம் வாய மூடிக்கிட்டு இரேன்.”

எனக்கு எதைப் பார்த்தாலும் பயம். அடுக்கு சரிந்துவிட்டால்? உள்ளே தேள் புகுந்துவிட்டால்? மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டதால் கவலைப்பட நேரமும் நிறைய இருந்தது. போய்ப் போய் எட்டிப் பார்த்தேன்.

கேசரி சாப்பிட்டு, கைகழுவக் கொல்லைக்கு வந்தார் மாப்பிள்ளையின் அம்மா. அம்மா செம்பில் தண்ணீர் ஊற்றினாள். “மாங்கட்டையா? நல்லாக் காஞ்சிருக்கா?” என்று கேட்டுக்கொண்டே அவர் நடுவிலிருந்து ஒன்றை உருவினார். தட்டிப் பார்க்க, அந்தச் சந்து வழியே இன்னொன்றுக்குக் கை நீட்டினார். முழங்கை வரை உள்ளே போயும் கை எதிலும் முட்டவில்லை.

அம்மா செம்பைச் சாய்த்தபடியே நின்றாள். தண்ணீர் அவள் காலிலேயே விழுந்துகொண்டிருந்தது. அடுப்படி வாசலில் அத்தை. யாராவது விளக்கம் சொல்ல வேண்டாமா? நான் சொன்னேன்.

“அது காத்துக்கு விட்ட எடம், ஆச்சி.”

அவர் என்னைப் பார்த்தார். அம்மாவைப் பார்த்தார். பிறகு அத்தையை, கொஞ்சம் அதிக நேரம்.

“எங்க வீட்டுலயும் இப்படித்தாம்ட்டி அடுக்குவோம். மழைக்காலம் வந்துட்டா இன்னும் கொஞ்சம் கூடவே காத்து விடுவோம்.”

உருவிய கட்டையைப் பட்டை மேலாக அதே இடத்தில் சொருகிவிட்டு, “பொண்ணுக்குப் பூ வச்சிட்டுப் போவமா, மதினி?” என்றார்.

அம்மா ஈரக் காலோடு நின்று ஏன் அப்படிச் சிரித்தாள் என்று தெரியவில்லை. எனக்குப் பெருமை; இரண்டு வீட்டுக்கும் முறை தெரிந்திருக்கிறது. உடனே அடுத்த கவலை வந்தது. பெரியம்மா வீட்டில் விறகைச் சுவரோடு சுவராக, விரல் நுழையாதபடி அடைத்து வைத்திருந்தார்கள். வந்தவர்கள் பஸ் ஏறியதும் அங்கே ஓடினேன்.

“பெரியம்மா, உங்க விறகு அம்புட்டும் மக்கிப் போகும். காத்துக்கு எடமே விடலையே!”

பெரியம்மா சுவருக்கு மேலே எங்கள் கொல்லையை ஒரு தடவை பார்த்தார். பிறகு குனிந்து, நல்ல கட்டைகளாகப் பொறுக்கி என் கை கொள்ளுமட்டும் அடுக்கினார்.

“கொண்டுபோயி ஒங்கம்மாட்ட குடு. எங்க வீட்டுலயும் செத்த காத்து வரட்டும்.”

அவர்களுடைய விறகைக் காப்பாற்றிக் கொடுத்த நிம்மதியில், அடுத்த நடைக்கும் நானே வருவதாகச் சொல்லிவிட்டு வந்தேன்.